பிரிட்டன் சிறைகளில் ஏ, பி, சி, டி என்று பிரிப்பது எதை வைத்து?

கதிர்_மதுரை:
வணக்கம். 2023 செப்டம்பரில் லண்டன் வாண்ட்ஸ்வொர்த் சிறையிலிருந்து டேனியல் கலீஃப் என்ற முன்னாள் ராணுவ வீரர் சாப்பாட்டுப் பொருள் கொண்டுவந்த லாரியின் அடியில் தொங்கிக்கொண்டே தப்பிப் போனது ஞாபகம் இருக்கும். அப்போதிருந்து ஒரு கேள்வி மண்டையைக் குடைகிறது. அது ‘பி’ வகைச் சிறை, அவரை ‘ஏ’ வகைச் சிறையில் வைத்திருக்க வேண்டும் என்று நிறையப் பேர் எழுதினார்கள். எனக்கு அது பிடிபடவே இல்லை. நம் ஊரில் ஜெயிலில் ஏ கிளாஸ் என்றால் வசதி அதிகம், படித்தவர்களுக்கும் அரசியல்வாதிகளுக்கும் கேட்டு வாங்கிக் கொடுப்பது என்றுதான் கேள்விப்பட்டிருக்கிறேன். அங்கே தலைகீழாக இருக்கிறதே? குற்றம் எவ்வளவு பெரியது என்று பார்த்து எழுத்து கொடுக்கிறார்களா? யார் கொடுக்கிறார்கள்? அந்த நாட்டுச் சிறைகளைப் பற்றித் தெரிந்தவர்கள் கொஞ்சம் விவரமாகச் சொல்லுங்கள்.

சுவடி:
கதிர், நீங்கள் சொல்லும் ஏ, பி, சி கிளாசும் வெள்ளைக்காரன் காலத்தில் வந்ததுதான், ஆனால் அது வேறு கதை. 1929-ல் லாகூர் சிறையில் விடுதலைப் போராட்ட வீரர் ஜதின் தாஸ் உண்ணாவிரதம் இருந்து இறந்த பிறகு, கைதியின் படிப்பு, அந்தஸ்து, வாழ்க்கைத் தரம் இதையெல்லாம் பார்த்து வகுப்பு பிரித்தார்கள். வெளியே அவர் எப்படி வாழ்ந்தார் என்பதுதான் அதற்கு அளவுகோல். இங்கிலாந்தில் இப்போது இருக்கும் எழுத்து கேட்பது ஒரே கேள்வி: இந்த ஆள் தப்பினால் என்ன ஆகும், தப்பக்கூடிய ஆளா? குற்றத்தின் கனம் அதில் ஒரு பங்குதான், அதுவே முழுக்கணக்கு இல்லை.

தப்பினால் பொதுமக்களுக்கோ போலீசுக்கோ நாட்டின் பாதுகாப்புக்கோ பெரிய ஆபத்து, அதனால் தப்பவே முடியாதபடி வைக்க வேண்டும் என்றால் ஏ. அவ்வளவு தேவையில்லை, ஆனால் தப்புவது மிகக் கடினமாக இருக்க வேண்டும் என்றால் பி. திறந்தவெளிச் சிறையில் நம்பி விட முடியாது, ஆனால் திட்டம் போட்டுத் தப்பும் வசதியோ உறுதியோ இல்லாதவர் சி. நம்பி விடலாம் என்பவர் டி. டி-யில் இருப்பவர்களில் பலர் அனுமதிச் சீட்டோடு காலையில் வெளியே வேலைக்குப் போய்விட்டுச் சாயங்காலம் திரும்பி வருகிறார்கள்.

இந்த எழுத்துகள் எப்படி வந்தன என்பதைத்தான் நான் முக்கியமாகச் சொல்ல வேண்டும், ஏனென்றால் இவை சீர்திருத்த எண்ணத்தில் பிறந்தவை இல்லை, அவமானத்தில் பிறந்தவை. 1963-ல் நடந்த பெரிய ரயில் கொள்ளையில் 30 வருடத் தண்டனை வாங்கிய சார்லி வில்சனை 1964 ஆகஸ்டில் வெளியாட்கள் பர்மிங்ஹாம் சிறைக்குள் புகுந்து கூட்டிக்கொண்டு போனார்கள். அடுத்த வருடம் ஜூலையில் அதே கொள்ளையில் உள்ளே போன ரோனி பிக்ஸ், நீங்கள் சொன்ன அதே வாண்ட்ஸ்வொர்த்தில், நூலேணி வழியாக மதில் ஏறி வெளியே நின்ற வேனின் மேல் குதித்துப் போனார். இதையெல்லாம் அரசு பொறுத்துக்கொண்டது. 1966 அக்டோபர் 22-ல் ஜார்ஜ் பிளேக் போனபோதுதான் தாங்க முடியவில்லை. பிளேக் பிரிட்டிஷ் உளவுத்துறையில் இருந்துகொண்டே சோவியத்துக்கு வேலை பார்த்தவர், 1961-ல் 42 வருடம் தண்டனை. அப்படிப்பட்ட ஆளை வைத்திருந்த இடம் லண்டன் வார்ம்வுட் ஸ்க்ரப்ஸ், விக்டோரியா ராணி காலத்துச் செங்கல் சிறை. அவரோடு உள்ளே இருந்து விடுதலையான ஷான் பர்க் என்ற ஐரிஷ்காரர் ஒரு வாக்கிடாக்கியைக் கடத்தி உள்ளே கொடுத்தார், வெளியிலிருந்து நூலேணி வீசினார். அந்த ஏணியின் படிகள் ஸ்வெட்டர் பின்னும் ஊசிகள்! மதிலிலிருந்து குதித்ததில் பிளேக்குக்கு மணிக்கட்டு உடைந்தது, மற்றபடி ஒன்றும் இல்லை. சில வாரம் லண்டனிலேயே ஒளிந்திருந்துவிட்டு, ஒரு வேனுக்குள் மறைந்தபடி கிழக்கு ஜெர்மனி போய்ச் சேர்ந்தார். 2020 டிசம்பரில் மாஸ்கோவில் 98 வயதில் இறந்தார்.

அந்த ஓட்டத்துக்குப் பிறகுதான் அரசு மவுண்ட்பேட்டனை விசாரிக்கச் சொன்னது. ஆமாம், இந்தியாவின் கடைசி வைஸ்ராய் அதே மவுண்ட்பேட்டன்தான். இரண்டு மாதத்தில் அறிக்கை வந்துவிட்டது. கைதிகளை நான்காகப் பிரியுங்கள் என்றார், அந்த நான்குதான் இன்றுவரை.

ஈஸ்ட்ஹாம்_வாணி:
நான் லண்டனில் பல வருடமாகத் தமிழ் உரைபெயர்ப்பாளராக வேலை செய்கிறேன், சொலிசிட்டர்களோடு (வழக்கறிஞர்களோடு) மறியலுக்கு, அதாவது சிறைக்கு, போய் வருவது வழக்கம். வாசலில் போன், பெல்ட் எல்லாம் லாக்கரில் வைக்க வேண்டும், விரல் ரேகை எடுப்பார்கள், நாய் மோப்பம் பிடிக்கும், பிறகு ஒரு கதவு பூட்டினால்தான் அடுத்த கதவு திறக்கும். ஏ என்றால் இதைவிடக் கடினம். பார்க்க வருகிற உறவினரைக்கூடப் போலீஸ் விசாரித்து அனுமதித்த பிறகுதான் விடுவார்கள்.

யார் எழுத்து கொடுப்பது என்று கதிர் கேட்டீர்கள். நீதிபதி இல்லை, சிறை நிர்வாகம். தண்டனை வந்த பிறகு தண்டனைக் காலம், பழைய வழக்குகள், முன்பு தப்ப முயன்றாரா என்பதெல்லாம் பார்த்துப் போடுவார்கள். அது நிலையானதும் இல்லை, ஆறு மாதத்துக்கோ வருடத்துக்கோ ஒருமுறை திரும்பப் பார்ப்பார்கள். வழக்கு முடியாமல் காவலில் இருப்பவர்களுக்கு, ஏ என்று முடிவு செய்தால் தவிர, எழுத்தே கிடையாது, பக்கத்தில் உள்ள பி வகை உள்ளூர்ச் சிறைக்குத்தான் போவார்கள். கலீஃப் விஷயமும் அதுதான், அப்போது அவர் விசாரணைக் கைதி, ஏ போடவில்லை. மூன்றாம் நாள் மேற்கு லண்டனில் ஒரு கால்வாய்க் கரையில் பிடித்தார்கள், பிறகு ஈரானுக்கு உளவு பார்த்த குற்றம் நிரூபணமாகி, தப்பியதற்கும் சேர்த்து 14 வருடம் 3 மாதம் தண்டனை.

என்னால் மறக்க முடியாத ஒன்றைச் சொல்கிறேன். வேலைக்கு வந்த புதிதில் ஒருவருக்கு வந்த கடிதத்தை வாசித்துக் காட்டும்போது, “உங்களை சி தரத்தில் போட்டிருக்கிறார்கள்” என்று சொல்லிவிட்டேன். அந்த மனிதரின் முகம் அப்படியே கறுத்துப்போனது. “அக்கா, நான் மூன்றாந்தர மனிசனா?” என்று கேட்டார். உண்மையில் அது அவருக்கு நல்ல செய்தி, காவல் குறைந்த இடத்துக்கு மாற்றம். நான் தேர்ந்தெடுத்த ஒரு சொல் அதைத் தண்டனை மாதிரி ஆக்கிவிட்டது. அன்றிலிருந்து ‘காவல் வகை’ என்றுதான் சொல்கிறேன், ஏ-யிலிருந்து டி-க்குப் போகப் போகக் காவல் தளரும் என்று விளக்கிவிட்டுத்தான் எழுத்தையே வாசிக்கிறேன். இங்கே பெடியன்கள் (பையன்கள்) யாராவது உள்ளே இருந்தால் வீட்டில் உள்ளவர்களுக்கும் இதைத் தெளிவாகச் சொல்லுங்கள், ஊரில் இருக்கிற அம்மாமார் சி, டி என்று கேட்டதும் பயந்துபோகிறார்கள். இன்னொன்று, நாடுகடத்தும் உத்தரவு வந்து மேல்முறையீடும் முடிந்துபோனால் டி கிடைக்காது. எவ்வளவு ஒழுங்காக இருந்தாலும் கிடைக்காது. அதை ஒரு ஆளுக்கு முகத்தைப் பார்த்துச் சொல்வது மிகக் கஷ்டம்.

கதிர்_மதுரை:
வாணி அக்கா, சுவடி ஐயா, ரொம்ப நன்றி. தரம், வகை இரண்டும் ஒன்று என்று நானும் நினைத்துக்கொண்டிருந்தேன். இரண்டு சந்தேகம். பெண்களுக்கும் இதே எழுத்துகளா? அப்புறம் அந்த விக்டோரியா காலக் கட்டடங்களை ஏன் இன்னும் விடாமல் வைத்திருக்கிறார்கள்?

ஈஸ்ட்ஹாம்_வாணி:
பெண்களுக்கு பி, சி, டி இல்லை. திறந்த சிறை, மூடிய சிறை என்றுதான், அதற்கு மேலே காவல் கூடிய ஒரு நிலை உண்டு, மிக அரிதாக ஏ. ஸ்காட்லாந்தில் எழுத்தே கிடையாது, கண்காணிப்பு அதிகம், நடுத்தரம், குறைவு என்று பிரிப்பார்கள்.

சுவடி:
கட்டடங்கள் பற்றி. 1842-ல் லண்டனில் பெண்டன்வில் திறந்தார்கள். நடுவில் ஒரு கூடம், அங்கிருந்து விசிறி மாதிரி பிரியும் கட்டடங்கள், ஆளுக்கு ஒரு அறை, 13 அடி நீளம், 7 அடி அகலம். கைதி யாரோடும் பேசக்கூடாது, வெளியே வரும்போது முகத்தை மறைக்கும் தொப்பி, தேவாலயத்தில்கூடப் பக்கத்து ஆளைப் பார்க்க முடியாதபடி தடுப்பு. தனிமையில் மனசாட்சி விழிக்கும் என்று நம்பினார்கள், பலருக்குப் புத்தி பேதலித்ததுதான் மிச்சம். அந்த மாதிரியை வைத்து நாடு முழுக்கக் கட்டினார்கள். தனி ஆளுக்காகக் கட்டிய அதே அறையில்தான் இப்போது இரண்டு பேர் அடுக்குக் கட்டிலில் படுக்கிறார்கள். கட்டியபோது பெண்டன்வில் அறைகளில் கழிப்பறை இருந்தது, பிறகு எடுத்துவிட்டார்கள். 1990-கள் வரைக்கும் பல சிறைகளில் இரவெல்லாம் வாளியில் போய்விட்டுக் காலையில் வரிசையில் நின்று கொட்ட வேண்டும். 1990 ஏப்ரல் 1-ல் மான்செஸ்டர் ஸ்ட்ரேஞ்ச்வேஸ் சிறையில் கிளம்பிய கலவரம் 25 நாள் நீடித்தது, கூரை மேல் கைதிகள் நின்ற படங்கள் உலகம் முழுக்கப் போயின. நீதிபதி வுல்ஃப் விசாரித்து, இந்த வாளி வழக்கத்தை நிறுத்துங்கள் என்று எழுதினார். 1996-ல்தான் நின்றது. அதே ஊர்ச் சிறை இன்று ஏ வகைக் கைதிகளை வைக்கும் இடங்களில் ஒன்று.

மவுண்ட்பேட்டன் பற்றி ஒன்று விட்டுவிட்டேன். ஏ வகை ஆட்கள் எல்லாரையும் வைக்க, இங்கிலாந்தின் தென்கரையை ஒட்டிய ஒயிட் தீவில் ஒரே ஒரு கோட்டைச் சிறை கட்டுங்கள் என்றும் அவர் சொல்லியிருந்தார், கட்டவில்லை. 1968-ல் ராட்சினோவிச் என்ற குற்றவியல் பேராசிரியரின் குழு, ஆபத்தான எல்லாரையும் ஒரே இடத்தில் குவிக்காதீர்கள், பல சிறைகளில் பரப்பி வையுங்கள் என்றது. அதுதான் நடந்தது. என் கணிப்பில் அது சரியான முடிவு, ஆனால் அதற்கு விலை கொடுத்தவர்கள் பி வகைக் கைதிகள். பக்கத்து அறையில் ஏ ஆள் இருப்பதற்காக அவர்களும் அதே கெடுபிடிக்குள் வாழ வேண்டியதாகிவிட்டது. ஒயிட் தீவில் ஏற்கனவே இருந்த பார்க்ஹர்ஸ்ட்டும் அப்படி ஏ ஆட்களை வைத்த சிறைதான். 1995 ஜனவரியில் அங்கிருந்து மூன்று பேர், சிறைப் பட்டறையிலேயே செய்த சாவியால் கதவுகளைத் திறந்துகொண்டு போனார்கள். சுற்றிலும் கடல், தீவைத் தாண்ட முடியவில்லை, ஐந்து நாளில் பிடிபட்டார்கள். அதன் பிறகு பார்க்ஹர்ஸ்ட்டிலிருந்து ஏ ஆட்களை எடுத்துவிட்டார்கள்.