குதிகால் தசைநாணுக்கு நல்ல பிசியோதெரபிஸ்ட் தெரியுமா? (குலசேகரம், மார்த்தாண்டம் பக்கம்)

அண்ணன்மாரே, அக்காமாரே, ஒரு உதவி வேணும்.

அப்பா ரப்பர் பால் வெட்டுறவங்க. விடியுமுன்னே ஹெட்லைட்டோட சரிவுல இறங்கும்போது சறுக்கி, குதிகால் தசைநாண் (கெண்டைக்கால் தசையைக் குதிகால் எலும்போட இணைக்கிற நாண்) அறுந்துபோச்சு. ஆபரேஷன் முடிஞ்சு கட்டும் பிரிச்சாச்சு. தையல் போட்ட இடம் தடிச்சு, விரலால தொட்டா கயித்து முடிச்சு மாதிரி இருக்கு. காலையில பாதம் மேல மடங்கவே மாட்டேங்குது.

"எலும்பு முறிஞ்சவனே நடக்கான், எனக்கு மட்டும் ஏன்?"னு கேக்காவ. எலும்புக்கு ரத்த ஓட்டம் தாராளம்; தசைநாணுக்குக் குறைவு. அறுந்த இடத்தை முதல்ல நிரப்புறது பெரும்பாலும் பலம் குறைஞ்ச மூன்றாம் வகை கொலாஜன் (நாணோட இழையா இருக்கிற புரதம்). உறுதியான முதல் வகை மெல்ல மெல்லத்தான் அந்த இடத்தைப் பிடிக்கும். அளவான இழுவை கிடைச்சாத்தான் இழைகள் ஒரே திசையில அடுக்கா அமையும். ஒரு வருஷம்கூட ஆகலாம். சும்மா படுத்திருந்தாலும் கெடுதல், அவசரப்பட்டா மறுபடி அறுந்துடும்.

வர்ம வைத்தியம் பாக்குற ஆசான்கிட்ட எண்ணெய் போட்டு உருவச் சொல்லி ஊர்ல சொல்லுதாவ. தையல் போட்ட நாணை இப்ப அழுத்த எனக்குப் பயமா இருக்கு.

மார்த்தாண்டம், தக்கலை, நாகர்கோவில்ல இதுக்குன்னு பயிற்சி கொடுக்கிறவங்க இருந்தா சொல்லுங்க. வீட்டுக்கு வந்தா ரொம்ப நல்லது. இதே ஆபரேஷனுக்குப் பிறகு திரும்பவும் சரிவுல பால் வெட்டப் போனவங்க இருந்தா, அப்பாகிட்ட போன்ல ரெண்டு வார்த்தை பேசணும்.