குரோம்புக்ல கேம் ஏத்த முடியுமா முடியாதா? எக்ஸே தொறக்கல, ப்ளே ஸ்டோரையே காணோம்

வலைவீட்டு_பையன்
எல்லாருக்கும் வணக்கம், தங்கச்சிமடத்துல இருந்து எழுதுறேன், தப்பான பகுதியில போட்டுருந்தா அட்மின் அண்ணே மாத்தி விட்டுருங்க. துபாய்ல இருக்குற எங்க மாமா போன மாசம் லீவுக்கு வந்தப்ப தங்கச்சி காலேஜுக்குனு ஒரு லேப்டாப் கொண்டு வந்தாரு. சின்னதா அம்சமா இருக்கு, காலைல சார்ஜ் போட்டா சாயங்காலம் வரைக்கும் நிக்குது, ஆனா விண்டோஸ் இல்ல, குரோம்புக்காம். இன்டெல் செலரான் என்4020, 4 ஜிபி ரேம், 32 ஜிபி ஸ்டோரேஜ். கடைக்காரன் "எல்லாம் ஓடும் பாய்"னு சொல்லித்தான் மாமா தலையில கட்டிருக்கான்.

இப்ப தடைக்காலம், ஜூன் 14 வரைக்கும் போட்டு கரையிலதான். பகல்ல அப்பாகூட வலை வேலை, அது முடிஞ்சா வெயில்ல எங்க போறது, சரி கேம் ஆடலாம்னு பாம்பன்ல இருக்குற ஃப்ரெண்டுகிட்ட பென்டிரைவ்ல வைஸ் சிட்டிங்கிற விண்டோஸ் கேம் ஏத்திட்டு வந்தேன். டபுள் கிளிக் பண்ணா "இந்த ஃபைலை தொறக்க முடியாது"ங்குது. யூடியூப்ல பாத்தா ப்ளே ஸ்டோர்ல இருந்து எறக்குனு சொல்றாங்க, இதுல ப்ளே ஸ்டோர்னு ஒன்னே இல்ல. இன்னொரு வீடியோல லினக்ஸ் ஆன் பண்ணுனு சொல்றான், செட்டிங்ஸ்ல போனா அந்த ஆப்ஷனும் இல்ல. மிஷின் டூப்ளிகேட்டா, இல்ல நான்தான் ஏதாச்சும் தப்பு பண்றேனா? தங்கச்சி வேற "என் லேப்டாப்ப கெடுத்துராத"னு பக்கத்துலயே உக்காந்து காவல் காக்குது.

சும்மா_எட்டிப்பாத்தேன்
தம்பி உன்கிட்ட ஏற்கனவே ஒரு கேம் இருக்கு, நெட்ட கட் பண்ணிட்டு குரோம்ல ஏதாச்சும் ஒரு பக்கம் தொற, குட்டி டைனோசர் வந்து நிக்கும், ஸ்பேஸ் பார் தட்டு, ஓடும். கள்ளிச்செடிய தாண்டுறது நம்ம ஊரு கருவேல முள்ளுல நடக்குற மாதிரியே இருக்கும். சும்மா சொன்னேன், கோவிச்சுக்காத, வெவரம் தெரிஞ்சவங்க வருவாங்க.

பெரியபட்டினம்_டெக்
தம்பி, மிஷின் டூப்ளிகேட் எல்லாம் இல்ல, பயப்படாத. எங்க வீட்டுலயும் ஜித்தால இருந்து காக்கா, அதான் எங்க அண்ணன், கொண்டு வந்தது ஒன்னு கெடக்கு, கிட்டத்தட்ட இதே ரகம், ரெண்டு வருசமா அதோட மல்லுக்கட்டுன அனுபவத்துல சொல்றேன்.

எக்ஸே ஃபைல் விண்டோஸுக்குனு செஞ்சது. குரோம்புக்ல இருக்கிறது குரோம்ஓஎஸ், அடியில லினக்ஸ், மேல பிரவுசர். உன் பென்டிரைவ்ல இருக்கிறது அதுக்கு புரியாத பாஷை, அவ்வளவுதான். இதுல கேம் ஆட மூணு வழி உண்டு: பிரவுசர்லயே ஆடுறது, ப்ளே ஸ்டோர்ல இருந்து ஆண்ட்ராய்டு கேம் எறக்குறது, லினக்ஸ ஆன் பண்ணி லினக்ஸ் கேம் போடுறது. ஆண்ட்ராய்டு 2016லயும் லினக்ஸ் 2018லயும் குரோம்ஓஎஸ்ல வந்துருச்சு, உன் மிஷின் அதுக்கப்புறம் வந்தது, ரெண்டுமே இருக்கணும். ரெண்டும் சேந்தாப்ல காணோம்ங்கிறதுதான் எனக்கு இடிக்குது.

ஒன்னு பாத்து சொல்லு. எந்த ஐடி போட்டு உள்ள போயிருக்க? சொந்த ஜிமெயிலா, இல்ல காலேஜ் குடுத்த மெயிலா? இன்னொன்னு, கீழ வலது மூலையில மணி காட்டுற எடத்த தொட்டா, "இந்த சாதனம் இன்னாரால நிர்வகிக்கப்படுது"ங்கிற மாதிரி ஏதாச்சும் வருதா? வெளிநாட்டுல பள்ளிக்கூடத்துல ஓடி கழிச்ச மிஷின்கள மொத்தமா வாங்கி தொடச்சி விக்கிறவங்க உண்டு. அந்த பள்ளிக்கூடம் லிஸ்ட்ல இருந்து எடுக்காம விட்டுருந்தா நீ எத்தன தடவ அழிச்சு போட்டாலும் திரும்ப அவங்க பேருலயேதான் வந்து நிக்கும். அப்படி இருந்தா கேம் எல்லாம் மறந்துரு, வாங்குன கடைக்கே திருப்பி விடச்சொல்லு.

ராம்நாட்_கேமர்
ப்ரோ இவ்ளோ கதை எதுக்கு, குரோம்புக்கோட பூட்ட தொறந்து விடுற டெவலப்பர் மோடு ஆன் பண்ணி விண்டோஸ் ஏத்திரு, மேட்டர் ஓவர். இல்லாட்டி பிசி கேம் எறக்குற ஸ்டீம் ஆப் போடு, குரோம்புக்ல ஸ்டீம் வந்துருச்சு, வீடியோல சூப்பரா ஓடுது.

பெரியபட்டினம்_டெக்
@ராம்நாட்_கேமர் மாப்ள தப்பா எடுத்துக்காத, ஆனா அந்த பையன் தங்கச்சி மிஷின வச்சு வெளையாடுறான், நீ பாட்டுக்கு கொளுத்தி போடாத.

டெவலப்பர் மோடுக்கு போன அந்த நிமிசமே உள்ள இருக்கிறது மொத்தமும் அழிஞ்சுரும். அப்புறம் ஒவ்வொரு தடவ ஆன் பண்ணும்போதும் எச்சரிக்கை திரை வந்து நிக்கும், வெவரம் தெரியாதவங்க யாராச்சும் ஸ்பேஸ் பார தட்டுனா பழையபடி மாத்துறேன்னு திரும்பவும் அழிக்கும். எங்க வீட்டுல லாத்தா, அதான் அக்கா, மவன் தட்டுனான், அதான் இவ்ளோ தெளிவா சொல்றேன். விண்டோஸ் ஏத்தணும்னா அதோட முடியாது, உள்ள மிஷின எழுப்பி விடுற ஃபர்ம்வேரையே மாத்தணும், மாத்துனாலும் பல மாடல்ல சவுண்டு வராது, டச்பேட் வேலை செய்யாது. 32 ஜிபில விண்டோஸ போட்டு மிச்சம் எங்க கேம் வைப்ப?

ஸ்டீம் கதையும் முடிஞ்சு போச்சு. 2022ல சோதனைக்கு விட்டாங்க, அப்பவே 8 ஜிபி ரேம், ஐ3 இல்ல ரைசன் 3 ரக ப்ராசஸர் வேணும்னாங்க. கடைசி வரைக்கும் பீட்டாவாவே கெடந்து 2026 ஜனவரி 1 தேதியோட மூடிட்டாங்க, ஏத்தி வச்சிருந்த கேமும் அதோட போச்சு. வீடியோ மட்டும் இன்னும் யூடியூப்ல கெடக்கு, அத பாத்துட்டு நம்ம புள்ளைங்க ராத்திரி முழுக்க தேடுதுங்க. வீடியோ போட்ட தேதிய பாக்காம எதையும் ஆரம்பிக்காதீங்கப்பா.

ராம்நாட்_கேமர்
ஓ மூடிட்டாங்களா, தெரியாது ப்ரோ, நான் பாத்தது பழைய வீடியோ போல. சாரி.

வலைவீட்டு_பையன்
@பெரியபட்டினம்_டெக் அண்ணே பாத்துட்டேன்! நிர்வகிக்கப்படுதுன்னு மிஷின பத்தி ஒன்னும் வரல, ஆனா உள்ள போயிருக்கிறது தங்கச்சியோட காலேஜ் மெயில். வந்த அன்னைக்கே அத போட்டுத்தான் தொறந்திருக்கா. இதனாலயா?

பெரியபட்டினம்_டெக்
அதேதான். காலேஜ் மெயில்னா ப்ளே ஸ்டோர், லினக்ஸ் எல்லாத்துக்கும் சாவி காலேஜ் அட்மின் கையில, அங்க அடைச்சு வச்சா உனக்கு ஆப்ஷனே கண்ணுல படாது. ஒன்னும் அழிக்க வேணாம். சைன் அவுட் பண்ணு, லாகின் திரையில கீழ "ஆள சேர்"னு இருக்கும், உன் சொந்த ஜிமெயில போட்டு உள்ள வா. தங்கச்சி கணக்கு அது பாட்டுக்கு தனியா இருக்கும், அவ ஃபைல நீ பாக்கவும் முடியாது, கெடுக்கவும் முடியாது. காவல எடுத்துட்டு போகச்சொல்லு.

வந்ததும் செட்டிங்ஸ்ல கடைசியில குரோம்ஓஎஸ் பத்தின பக்கத்துக்கு போய், அப்டேட் எந்த வருசம் வரைக்கும் வரும்னு பாத்துக்க. 2021லயும் அதுக்கு அப்புறமும் வந்த மாடலுக்கு 10 வருசம் தானா வரும். அதுக்கு முந்துன சில மாடலுக்கு நாமளா சம்மதம் குடுத்து நீட்டிக்கலாம், ஆனா நீட்டிச்சா ஆண்ட்ராய்டு ஆப் போயிரும், கேம் ஆடுறவன் அந்த பட்டன யோசிச்சு தொடணும்.

உப்புக்காத்து
நான் மண்டபம், ஒரு கம்ப்யூட்டர் சென்டர்ல சொல்லிக்குடுக்குறேன். பெரியபட்டினம் அண்ணன் சொன்னது எல்லாம் சரி, ஆனா 4 ஜிபி ரேம்ங்கிறத யாரும் பேசலயே. ஆண்ட்ராய்டும் லினக்ஸும் ரெண்டுமே தனித்தனி வீடு மாதிரி, ஒவ்வொன்னும் தன் பங்குக்கு ரேம் புடிக்கும். ரெண்டையும் சேத்து ஓட விட்டு குரோம்ல பத்து டேப் தொறந்து வச்சா, மவுஸ் அம்பு இழுவ வலை மாதிரி இழுத்துட்டு போகும். ஒரு நேரத்துல ஒன்னுதான். பூதக்கண்ணாடி கீயையும் எஸ்கேப்பையும் சேத்து அமுக்குனா எந்த டேப் எவ்ளோ தின்னுதுன்னு காட்டும், தின்னுறத மூடு.

ப்ளே ஸ்டோர்ல எல்லா கேமும் எறங்காது தம்பி. போன்ல ஓடுறது பலதும் "இந்த சாதனத்துக்கு பொருந்தாது"ன்னு சொல்லும், எறங்குனாலும் தொடுதிரைக்குனு செஞ்சதா இருக்கும், கீபோர்டுல ஆட வராது. சிலதுக்கு குரோம்ஓஎஸ்லயே கீ மாத்துற வசதி இருக்கு, எல்லாத்துக்கும் இல்ல. மைன்கிராஃப்ட் 2023ல குரோம்புக்குக்குனே வந்துச்சு, காசு குடுத்து வாங்கணும், 4 ஜிபில எனக்கு திணறுச்சு.

கிளவுடு கேமிங் போடுனு யாராச்சும் சொல்றதுக்கு முன்னாடி நானே சொல்லிடுறேன், அதான் கேம அங்க எங்கயோ ஓட விட்டு படத்த மட்டும் நமக்கு அனுப்புறது. மிஷின் எவ்ளோ மட்டமா இருந்தாலும் ஓடும், வாஸ்தவம். ஆனா ஜிஃபோர்ஸ் நவ்ங்கிற கிளவுடு சர்வீஸ் 720பி படத்துக்கே 15 எம்பிபிஎஸ் நெட் வேகம் கேக்குது. கணக்கு போடு, ஒரு மணி நேரத்துக்கு 6 ஜிபிக்கு மேல. நீ போன் ஹாட்ஸ்பாட்ல ஒரு நாளைக்கு 2 ஜிபி வச்சிருந்தா 20 நிமிசம் கூட தாங்காது, அதுக்குள்ள அப்பா வீடியோ கால் வேற போடணும். ஃபைபர் இருக்கிற வீட்டுக்கு சரி. தீவுக்குள்ள சாயங்காலம் டவர் படுற பாடு உனக்கே தெரியும்.

அதனால நான் சொல்றது லினக்ஸ். செட்டிங்ஸ்ல டெவலப்பர்ஸ் பகுதியில ஆன் பண்ணு, டெவலப்பர் மோடு வேற இது வேற, இதுல எதுவும் அழியாது. எவ்ளோ எடம்னு கேக்கும், வழக்கமா 10 ஜிபினு காட்டும், 32 ஜிபி மிஷின்ல அது ஜாஸ்தி, கஸ்டம்ல போய் கொறச்சுக்க. கருப்பு டெர்மினல் வந்ததும் மொதல்ல சூடோ ஆப்ட் அப்டேட் (sudo apt update), அடுத்து சூடோ ஆப்ட் இன்ஸ்டால் சூப்பர்டக்ஸ்கார்ட் (sudo apt install supertuxkart), இங்கிலீஷ்ல எல்லாமே சின்ன எழுத்து, வார்த்தைக்கு வார்த்த எடவெளி. லினக்ஸோட பென்குயின் வண்டி ஓட்டுற ரேஸ் கேம் அது, ஓசி, விளம்பரம் கெடையாது, ஏத்துனதுக்கு அப்புறம் நெட்டும் தேவையில்ல. ஒரே கீபோர்டுல ரெண்டு பேரு திரைய பாதியா பிரிச்சு ஆடலாம். கிராஃபிக்ஸ அடி மட்டத்துல வை. சண்ட, படைன்னு புடிக்கும்னா வெஸ்நாத், அதுவும் இதே மாதிரி ஏத்தலாம், செலரானுக்கு லட்டு மாதிரி. செஸ் தெரியும்னா லிசெஸ், பிரவுசர்லயே ஓடும், அதுவும் காசு இல்ல.

இன்னொரு விஷயம், கேமுக்கு சம்பந்தமில்ல, இருந்தாலும் சொல்றேன். கடல் பக்கம் வீடுன்னா அந்த மிஷின ராத்திரி ஜன்னலோரம் வைக்காத. என்கிட்ட வர்ற புள்ளைங்க லேப்டாப்ல பாதிக்கு டைப்-சி ஓட்டையில பச்ச புடிச்சு கெடக்கு.

வலைவீட்டு_பையன்
அக்கா, அண்ணே, ரெண்டு பேருக்கும் பெரிய கும்புடு! என் ஜிமெயில போட்டதும் ப்ளே ஸ்டோரும் வந்துச்சு, லினக்ஸும் வந்துச்சு. எடம் 13 ஜிபிதான் காலி, 6 ஜிபி லினக்ஸுக்கு குடுத்தேன். மொத தடவ எழுத்த தப்பா அடிச்சுட்டு அர மணி நேரம் முழிச்சேன், கார்ட்ல ஒரு எழுத்த முழுங்கிட்டேன். எறங்க ஹாட்ஸ்பாட்ல பாதி டேட்டா போச்சு, போனா போகுது.

ஓடுதுக்கா! அடி மட்டத்துல வச்சா திக்காம ஓடுது, கூட்டமா வண்டி வர்ற எடத்துல மட்டும் லேசா இழுக்குது. தங்கச்சியும் நானும் பாதி பாதி திரையில ஆடிட்டு இருந்தோம், அப்பா வலைய ஓரமா வச்சிட்டு வந்து உக்காந்து பாத்தாரு. "நான் ஒரு கை பாக்குறேன்"னு வாங்குனவரு திரும்பித் தர மாட்டேங்குறாரு. போட்டுல சுக்கான் புடிக்கிறவருக்கு அம்புக்குறி கீ புடிபடல, ஒவ்வொரு வளைவுலயும் நேரா போய் செவத்துல முட்டுறாரு, முட்டிட்டு "பிரேக்கு சரியில்ல"ங்குறாரு.

ஒரு டவுட்டு, கையில புடிச்சு ஆடுற கேம்பேட் வாங்கலாமா? அப்பாவுக்கு அது சுளுவா இருக்கும்னு தோணுது. வைஸ் சிட்டிய ஃப்ரெண்டுக்கே திருப்பி குடுத்துட்டேன்.

உப்புக்காத்து
வாங்குறதுக்கு முன்னாடி யார்கிட்டயாச்சும் எரவல் வாங்கி சொருகி பாரு. பிரவுசர் கேமுக்கும் ஆண்ட்ராய்டு கேமுக்கும் என் கேம்பேட் ஒழுங்கா எடுத்துச்சு, லினக்ஸ் பக்கம் மட்டும் எடுக்கவே இல்ல, ரெண்டு நாள் முட்டி பாத்துட்டு விட்டுட்டேன். சூப்பர்டக்ஸ்கார்ட் ப்ளே ஸ்டோர்லயும் இருக்கு, கேம்பேட் வேணும்னா அங்கிட்டு எறக்கி பாரு, ஆனா எடத்துக்காக லினக்ஸ்ல இருக்கிறத அழிச்சிட்டு எறக்கு.

பெரியபட்டினம்_டெக்
புளூடூத் கேம்பேடா பாத்து வாங்கு தம்பி, ஓட்டையில சொருகுற வேலை இல்ல, பச்ச புடிக்கிற பிரச்சனையும் இல்ல. கீபோர்டுலயே அப்பாவுக்கு வேற கீ வேணும்னா கேம் செட்டிங்ஸ்ல மாத்தலாம், பெரிய பெரிய கீயா குடு.

சும்மா_எட்டிப்பாத்தேன்
அப்பா டைனோசர் ஆடிட்டாரா?

வலைவீட்டு_பையன்
நேத்து கரண்டு போய் வைஃபை கட்டானப்ப பக்கத்து வீட்டுல அதத்தான் ஆடுனாரு. 412 எடுத்தாரு.