எம்சிஓபி (விபத்து இழப்பீட்டு மனு) டிஸ்மிஸ் ஆகிவிட்டது, திரும்ப எடுக்க முடியுமா? அவசரம்

சேலத்துக்காரன்:
வணக்கம். அப்பாவின் ஆக்சிடென்ட் கேஸ் தள்ளுபடி ஆகிவிட்டதாம். ஈகோர்ட்ஸ் ஆப்பில் 'டிஸ்மிஸ்டு ஃபார் டிஃபால்ட்' (ஆஜராகாததால் தள்ளுபடி) என்று காட்டுகிறது. வக்கீலுக்குப் போன் போட்டால் "பார்த்துக்கலாம் தம்பி" என்பதோடு சரி. என்ன செய்வது? சீக்கிரம் சொல்லுங்கள்.

மலைக்கோட்டை:
தள்ளுபடி ஆன தேதி என்ன? காயமா, இறப்பா? அப்பாதான் மனுதாரரா, நீங்கள் வாரிசாகப் போட்டதா? எதுவும் சொல்லாமல் அவசரம் என்றால் எப்படி?

புல்லட் பாண்டி:
இது இன்சூரன்ஸ்காரன் வேலைதான், எழுதி வைத்துக்கொள்ளுங்கள். என் மச்சான் கேஸிலும் இதே கதை. பேசாமல் புதுசா ஒரு மனு போடுங்கள்.

நீதிப்பேனா:
பாண்டி அவர்கள் எழுதும் முன் சிவில் நடைமுறைச் சட்டத்தை ஒருமுறையாவது திறந்து பார்த்திருக்கலாம். விபத்து இழப்பீட்டுத் தீர்ப்பாயத்திலும் அந்தச் சட்டத்தின் ஆர்டர் 9 படிதான் நடக்கிறது. அன்று இரு தரப்பும் வரவில்லை என்றால் தள்ளுபடி ரூல் 3-இல், எதிர்தரப்பு மட்டும் வந்திருந்தால் ரூல் 8-இல். ரூல் 8 என்றால் புது மனுவுக்கே தடை. ரூல் 9-இல் ரெஸ்டோர் செய்யத்தான், அதாவது பழைய கேஸையே திரும்ப எடுக்கத்தான், கேட்க முடியும். போதாததற்கு 2022 ஏப்ரல் 1 முதல், விபத்து நடந்து ஆறு மாதத்துக்குள் மனு போட வேண்டும் என்ற கெடு வேறு. புது மனு போட்டால் இன்சூரன்ஸ் வக்கீல் முதலில் அதைத்தான் பிடிப்பார். இதெல்லாம் பலமுறை எழுதியாகிவிட்டது. தேடிப் படிக்கத்தான் ஆளில்லை.

கொங்கு ராசா:
ஹைகோர்ட்டில் மோட்டார் வாகனச் சட்டம் 173-ஆம் பிரிவில் அப்பீல் போடலாமே?

நீதிப்பேனா:
அது அவார்டுக்கு (இழப்பீட்டுத் தீர்ப்புக்கு) எதிரான அப்பீல். இங்கே அவார்டு எங்கே இருக்கிறது?

சேலத்துக்காரன்:
அப்பா உயிரோடுதான் இருக்கிறார். கால் முறிவு. போன தீபாவளிக்கு முன்னாடியே டிஸ்மிஸ் ஆகியிருக்கிறது, எங்களுக்கு இப்போதுதான் தெரியும். அப்போது பிளேட் எடுக்கும் ஆபரேஷனுக்காக ஆஸ்பத்திரியில் இருந்தார்.

பழைய குமாஸ்தா:
இதை முதலிலேயே சொல்லியிருந்தால் பாதிப் பேச்சு மிச்சமாகியிருக்கும் தம்பி. ரெஸ்டோர் மனுவுக்குக் கெடு தள்ளுபடி தேதியிலிருந்து 30 நாள். அது தாண்டிவிட்டதால் லிமிடேஷன் (காலவரம்பு) சட்டம் 5-ஆம் பிரிவில் தாமதத்தை மன்னிக்கக் கோரி ஒரு மனு, கூடவே கேஸைத் திரும்ப எடுக்க ஒரு மனு. இரண்டுக்கும் அப்பாதான் அஃபிடவிட்டில் (பிரமாண வாக்குமூலத்தில்) கையெழுத்துப் போட வேண்டும். முதலில் தள்ளுபடி உத்தரவின் நகல் கேட்டுக் காப்பி அப்ளிகேஷன் போடுங்கள். எத்தனை நாள் தாமதம் என்பதை மனுவில் எண்ணாகவே எழுத வேண்டும். அதை எங்கள் ஆபீஸில் கடைசி வரை வெற்றாக விட்டுவைத்து, ஃபைல் பண்ணும் அன்று பேனாவால்தான் நிரப்புவோம். 'உடல்நிலை சரியில்லை' என்று மொட்டையாக எழுதினால் எடுபடாது. எந்தத் தேதியில் அட்மிட், எப்போது டிஸ்சார்ஜ், டாக்டர் எவ்வளவு நாள் நடக்கக் கூடாது என்றார், எல்லாம் வர வேண்டும். டிஸ்சார்ஜ் சம்மரியை இணையுங்கள். டிஸ்சார்ஜுக்குப் பிறகான மாதங்களுக்கும் காரணம் கேட்பார்கள், அதையும் யோசித்து வையுங்கள்.

ஒன்று, திரும்ப எடுத்தாலும் கேஸ் தூங்கிய காலத்துக்கு வட்டி கிடையாது என்று நிபந்தனை போடுவது வழக்கம். அதற்காக மல்லுக்கட்ட வேண்டாம்.

புல்லட் பாண்டி:
சதவீதத்துக்குக் கேஸ் எடுக்கிற வக்கீல் வாய்தாவுக்குப் போயிருக்க வேண்டாமா? அவரைக் கேளுங்கள் முதலில்.

நீதிப்பேனா:
பணம் வந்தால் பங்கு என்று ஃபீஸ் பேசுவதையே பார் கவுன்சில் விதி தடுக்கிறது.

புல்லட் பாண்டி:
விதி சுவரில் தொங்குகிறது சார். கையில் காசில்லாதவன் வேறெப்படிக் கேஸ் நடத்துவான்?

மலைக்கோட்டை:
மாவட்ட சட்டப் பணிகள் ஆணைக்குழு எதற்கு இருக்கிறது? பெண்கள், எஸ்சி எஸ்டி, மாற்றுத்திறனாளிகள் என்றால் வருமானமே பார்க்காமல் இலவச வக்கீல். சட்ட உதவி எண் 15100-க்குப் போன் அடித்துப் பார்க்கலாம்.

கொங்கு ராசா:
இலவச வக்கீல் வந்து கிழித்ததையும் பார்த்திருக்கிறோம்.

மலைக்கோட்டை:
எங்கள் ஊரில் நல்லவர்கள் இருக்கிறார்கள். உங்கள் ஊரைப் பற்றி நான் என்ன சொல்ல?

பழைய குமாஸ்தா:
சண்டையை வேறு இழையில் வைத்துக்கொள்ளலாமே. தம்பி, வக்கீலை மாற்றுவதாக இருந்தால் பழையவரிடம் என்ஓசி (ஆட்சேபணை இல்லை என்ற கடிதம்), கேஸ் கட்டு இரண்டையும் வாங்காமல் புது வக்காலத்தில் கையெழுத்துப் போடாதீர்கள்.

சேலத்துக்காரன்:
காப்பி கைக்கு வந்தது. அன்று இன்சூரன்ஸ் வக்கீல் ஆஜர் என்றுதான் இருக்கிறது. பழைய வக்கீலே இரண்டு மனுவும் போட்டுத் தருகிறாராம், அப்பா நாளைக்குக் கையெழுத்துப் போடுகிறார். நன்றி.

ஊட்டி ரோடு:
எனக்கும் இதே பிரச்சினை. ஆனால் நான் எதிர்தரப்பு லாரி ஓனர், எக்ஸ்பார்ட்டி (ஆஜராகாதவன்) ஆகிவிட்டேன். நானும் இதே மனு போடலாமா?

நீதிப்பேனா:
புது இழை தொடங்குங்கள். தேதிகளோடு.