'கோவேறு கழுதைகள்' வந்தபோது ஏன் அவ்வளவு கோபம்?

நெய்வேலி வாசகி:
இமையத்தின் 'கோவேறு கழுதைகள்' நேற்று ராத்திரிதான் படித்து முடித்தேன். 1994-ல் க்ரியா வெளியிட்ட அவருடைய முதல் நாவல். சுந்தர ராமசாமி அதை மிக உயர்வாகப் பாராட்டியிருக்கிறார். ஆனால் தலித் விமர்சகர்கள் சிலர் கடுமையாகத் தாக்கியிருக்கிறார்கள். அதில் வரும் வண்ணாத்தி ஆரோக்கியத்துக்காக அழுதுவிட்டுப் புத்தகத்தை மூடிய எனக்கு அந்தக் கோபம் புரியவில்லை. வந்த புதிதில் படித்தவர்கள் யாராவது சொல்லுங்களேன்.

மணிமுத்தாறு:
நான் அப்போதே படித்தேன். விருத்தாசலம் பக்கம், காலனியில் பிறந்தவன். முதலில் எனக்கும் கோபம்தான் வந்தது. அம்பேத்கர் நூற்றாண்டு முடிந்து சில வருஷம்தான் ஆகியிருந்தது. உட்பிரிவெல்லாம் மறந்து ஒன்றாக நிற்க வேண்டும் என்று தெருத்தெருவாகப் பேசிக்கொண்டிருந்தோம். அந்த நேரம் பார்த்து, நமக்குத் துணி வெளுக்கிற புதிரை வண்ணாரை நாமே எப்படி நடத்துகிறோம் என்று ஒரு நாவல். ஊர்க்காரன் கையில் நாமே கல்லை எடுத்துக் கொடுப்பதா என்று கேட்டேன்.

அப்புறம் இரண்டாவது முறை படித்தேன். எங்கள் தெருவிலும் ஒரு வண்ணாத்தி இருந்தார். விளக்கு வைத்த பிறகு ஈயக் குண்டானோடு வாசலுக்கு வெளியே வந்து நிற்பார். "வண்ணாத்தி வந்திருக்கேன் சாமி" என்று குரல் கொடுப்பார். ஐந்து வயசுப் பையன், என்னையும் சாமி என்றுதான் கூப்பிடுவார். அம்மா குண்டானில் கை படாமல் மேலேயிருந்து சோற்றைப் போடுவார். ஊர்த்தெரு டீக்கடையில் எனக்குத் தனி கிளாஸில் டீ ஊற்றியபோதெல்லாம் அம்மாவின் அந்தக் கை எனக்கு ஞாபகம் வந்ததில்லை. நாவல்தான் கொண்டுவந்தது.

ஒரு குறையை இன்றைக்கும் சொல்வேன். கதை ஆரோக்கியத்தை ஒட்டியே போவதால், இந்த அடுக்கைக் கட்டி வைத்த மேல்சாதி ஊர் எங்கேயோ பின்னால் மங்கலாகத்தான் தெரிகிறது. அதைக் கேட்டவர்கள் பக்கம் நியாயம் இருக்கிறது. ஆனால் ஆரோக்கியத்தின் மகள் மேரிக்கு அந்தப் பாலியல் கொடுமை நடந்த பிறகும் அதே தெருவை நம்பித்தான் அந்தக் குடும்பம் பிழைக்க வேண்டும். அந்த இடத்தைப் பொய் என்று என்னால் சொல்ல முடியவில்லை.

பண்ருட்டி ஆசிரியர்:
ஆரோக்கியத்தின் ஒப்பாரியைக் கண்ணால் படிக்காதீர்கள், வாய்விட்டுப் படியுங்கள். எங்கள் கடலூர் மாவட்டப் பேச்சு அப்படியே இருக்கிறது. லட்சுமி ஹோம்ஸ்ட்ரோம் 2001-ல் ஆங்கிலத்துக்குக் கொண்டுபோனார். நல்ல மொழிபெயர்ப்பாளர்தான், ஆனாலும் அந்த ராகம் தமிழில்தான் இருக்கிறது.

நெய்வேலி வாசகி:
நன்றி சார். மணிமுத்தாறு அண்ணா, உங்கள் அம்மா இந்த நாவலைப் படித்தார்களா?

மணிமுத்தாறு:
அம்மாவுக்குப் படிக்கத் தெரியாதும்மா. நான்தான் படித்துக் காட்டினேன். ஆரோக்கியம் சோறு எடுக்க வருகிற இடத்தில் ஒன்றும் சொல்லாமல் எழுந்து அடுப்படிக்குப் போய்விட்டார். மறுநாள் சாயந்திரம் அவரே வந்து, "அந்தப் புத்தகத்துல மீதியைப் படி" என்றார்.