படப்பிடிப்பில் உங்களை இன்னும் விடாத ஒரு கணம்: ஒளிப்பதிவுக்காரர்கள் பகிரலாம்

பதிவு 1
16 எம்.எம். ஆவணப்படம். மேகசின், அதாவது கேமராவில் மாட்டுகிற ஃபிலிம் பெட்டி, அதை மாற்றுவது என் வேலை. 400 அடி ரோல் 11 நிமிடம்தான் ஓடும், தெரிந்ததுதானே. மகனைப் பறிகொடுத்த ஓர் அம்மாவின் பேட்டி. பத்து நிமிடம் எதையெதையோ பேசிவிட்டு, "அன்னைக்குக் காலையில அவன்..." என்று ஆரம்பித்தார். ஃபிலிம் தீர்ந்தது. அறுந்த வால் உள்ளே படபடவென்று அடித்தது. அம்மா கேமராவைப் பார்த்து, "முடிஞ்சிருச்சாப்பா?" என்றார். புது மேகசினை மாட்டி நிமிர்வதற்குள் எழுந்துவிட்டார். அந்தப் பேச்சு திரும்ப வரவே இல்லை.

பதிவு 2
என்னுடையது கதைப்படம். நான் ஃபோகஸ் பார்த்தேன், அதாவது நடிகர் நகர நகர லென்ஸைத் திருப்பித் தெளிவு கெடாமல் வைப்பது. 85 எம்.எம். லென்ஸ், அபர்ச்சர் (லென்ஸ் திறப்பு) நன்றாக அகன்று 1.4, நடிகை இரண்டு மீட்டரில். தெளிவாக நிற்கிற ஆழமே நாலு சென்டிமீட்டர்தான். அழுகிற வேகத்தில், நிற்க வேண்டிய குறியைத் தாண்டி நாலு விரல் முன்னால் வந்துவிட்டார். மானிட்டரில் காது மடல் பளிச்சென்று இருக்கிறது, கண் மங்கல். எல்லோரும் என் பக்கம் திரும்பினார்கள். ஒளிப்பதிவாளர் மட்டும், "லைட்டைக் கூட்டி, திறப்பை 2.8க்குச் சுருக்கியிருக்கணும், தெளிவு ஆழம் கூடியிருக்கும், தப்பு என்னுது" என்றார். அப்புறம் ஆறு டேக் போனோம். அந்த அழுகை வரவில்லை.

பதிவு 3
முதல் பதிவு போட்ட நண்பரே, ஒன்பதாவது நிமிடத்திலேயே மாற்றியிருக்க வேண்டாமா? மிச்ச ஃபிலிம் வீணாகுமே என்று பார்த்தால் பேட்டி போய்விடும்.

என் கதை சின்னது: ஒரு மருத்துவமனையில் ராத்திரி முழுக்க எடுத்தது டியூப் லைட் மினுக்கலில் வீணாகிவிட்டது. புதியவர்கள் இதை மனதில் வையுங்கள். நொடிக்கு 24 பிரேமில், ஷட்டர் திறப்பின் கோணம் 180 டிகிரி என்றால் ஒவ்வொரு பிரேமிலும் ஒளி விழுவது 1/48 நொடி. 50 ஹெர்ட்ஸ் மின்சாரத்தில் துடிக்கிற விளக்கோடு இது ஒத்துப்போகாது. 172.8 டிகிரி வையுங்கள், சரியாக 1/50 வரும். 60 ஹெர்ட்ஸ் ஊர் என்றால் 144 டிகிரி. எல்.இ.டி. விளக்கில், அதுவும் வெளிச்சத்தைக் குறைக்கிற டிம்மர் போட்டிருந்தால், இந்தக் கணக்கை நம்ப வேண்டாம். ஒரு நிமிடம் எடுத்து, பெரிய மானிட்டரில் சுவரைப் பாருங்கள். முகத்தில் தெரியாதது சுவரில் தெரியும்.

பதிவு 4
3ஆம் பதிவுக்காரரே, பேசிக்கொண்டிருக்கிற தாயை நிறுத்தி மேகசின் மாற்றச் சொல்கிறீர்களா? என்னால் முடியாது.

எனக்கு உறுத்துவது வேறு. ஏழு வருடம் ஆவணப்படம் செய்துவிட்டுக் கதைப்படம் கேட்டுப் போனேன். தயாரிப்பாளர் என் ரீலை, அதாவது நான் எடுத்தவற்றின் மாதிரித் தொகுப்பை, நாற்பது நொடி பார்த்துவிட்டு, "இருக்கிற வெளிச்சத்தில் எடுப்பவர்தானே நீங்க?" என்று மடிக்கணினியை மூடினார். பிரிட்டிஷ் ஒளிப்பதிவாளர் ரோஜர் டீக்கின்ஸ் தொடங்கியதே ஆவணப்படங்களில்தான். அவருக்கே 14ஆவது பரிந்துரையில், 2018இல்தான் ஆஸ்கர் வந்தது. அன்றைக்கு இது வாயில் வரவில்லை.

பதிவு 1 (மறுபடியும்)
ஒன்பதாவது நிமிடத்தில் மாற்று மேகசின் என் கையில்தான் இருந்தது. ஒளிப்பதிவாளர் கண்ணாலேயே வேண்டாம் என்றார். அவர் செய்தது சரி என்றுதான் இன்றும் நினைக்கிறேன். ஒன்று சொல்ல விட்டுவிட்டேன். ஒலி நாடா நிற்கவில்லை. "முடிஞ்சிருச்சாப்பா?" அதில் இருக்கிறது, நான் மேகசினைத் திறக்கிற சத்தமும் இருக்கிறது.