தாஸ் போட் படத்தில் குடித்துவிட்டுப் பேசுகிற அந்த கேப்டன் யார்?

கடைசிவரிசை:
நேற்று ராத்திரி தாஸ் போட், அதான் இரண்டாம் உலகப்போர் ஜெர்மன் நீர்மூழ்கிக் கப்பல் படம், மறுபடி பார்த்தேன். கப்பல் கிளம்புவதற்கு முன் அந்த பாரில் ஒருத்தர் நிற்கவே முடியாமல் தள்ளாடிக்கொண்டு மேடையேறி, ஹிட்லர் பெயரை எடுத்ததும் மொத்த ஹாலும் கப்சிப் ஆகிவிடுகிறது. அவர் முகத்தை வேறெங்கோ பார்த்திருக்கிறேன், பிடிபடவே இல்லை. பெர்லினில் தேவதைகள் உலவுகிற விங்ஸ் ஆஃப் டிசையர் படத்தில் வருகிற இரண்டாவது தேவதை இவர்தானா? இவ்வளவு நல்ல நடிகர் ஏன் பெரிய ஹீரோவாகவில்லை?

நள்ளிரவுக்காட்சி:
அவரேதான். ஓட்டோ சாண்டர். 1941இல் ஹனோவரில் பிறந்தவர், 2013இல் பெர்லினில் இறந்தார். நீங்கள் சொல்கிற காட்சியைத் திரும்ப ஓட்டிப் பாருங்கள். ஹிட்லரை வாழ்த்துகிற மாதிரி ஆரம்பித்து நக்கலில் இறங்குகிறார், ஹாலில் இருக்கிறவர்கள் மூச்சைப் பிடித்துக்கொள்கிறார்கள், உடனே சர்ச்சிலைக் கிண்டலடித்துப் பேச்சைத் திருப்பிவிடுகிறார். அந்தக் கண்ணில் போதையும் இருக்கிறது, தான் என்ன சொல்கிறோம் என்ற முழு நினைவும் இருக்கிறது. அந்த ஆளுக்குப் படத்தில் சில நிமிடங்கள்தான். ஆனால் இனி கடலுக்குள் போகப்போகிற பையன்களுக்கு என்ன காத்திருக்கிறது என்பதை அவர் முகத்திலேயே பார்த்துவிடுகிறோம்.

டின் டிரம் படத்தில் டிரம்பெட் வாசிக்கிற மேய்னும் இவர்தான்.

ஒத்திகை:
ஹீரோவாகவில்லை என்று வருத்தப்பட வேண்டாம், அவர் வளர்ந்த இடம் அப்படி. 1970களில் மேற்கு பெர்லினில் பீட்டர் ஸ்டைன் நடத்திய ஷாவ்பூனே நாடகக்குழுவில் இருந்தவர். அங்கே எந்த நாடகம் போடுவது என்பதில் நடிகர்களுக்கும் அப்போது ஓட்டு இருந்தது, இன்றைக்கு நாயகனாக வருகிறவர் நாளைக்குத் தட்டு ஏந்திக்கொண்டு வருவார். விங்ஸ் ஆஃப் டிசையரில் முதல் தேவதையாக வருகிற புரூனோ கான்ஸும் அந்தக் குழுதான். பிரெஞ்சு இயக்குநர் எரிக் ரோமர் 1976இல் மார்க்விஸ் ஆஃப் ஓ படம் எடுத்தபோது எடித் கிளெவர், கான்ஸ், சாண்டர் என்று அங்கிருந்தே ஆட்களை அள்ளிக்கொண்டு போனார். மேடையில் நிலையான இடம் இருக்கிற நடிகனுக்கு சினிமாவில் சின்ன வேஷம் கௌரவக் குறைச்சலே இல்லை, அதனால்தான் அவரால் ஐந்து நிமிடத்துக்கும் முழு உழைப்பைக் கொடுக்க முடிந்தது என்று நினைக்கிறேன்.

இன்னொன்று. 1982இல் கான்ஸும் இவரும் சேர்ந்து கர்ட் போய்ஸ், பெர்ன்ஹார்ட் மினெட்டி என்ற இரண்டு மூத்த நடிகர்களைப் பற்றி ஒரு ஆவணப்படம் எடுத்தார்கள். போய்ஸ் நாஜிகளிடமிருந்து தப்பி ஹாலிவுட் போனவர், காஸாபிளாங்காவில் பிக்பாக்கெட்டாக வருவாரே, அவர். ஐந்து வருஷம் கழித்து விங்ஸ் ஆஃப் டிசையரில் அதே கிழவர் பெர்லினின் பழைய போட்ஸ்டாமர் பிளாட்ஸ் சதுக்கம் இருந்த பொட்டலில் பழைய இடத்தைத் தேடி அலைகிறார், கூடவே நடக்கிற தேவதை சாண்டர். அந்தக் காட்சியில் அவர் ஒன்றுமே செய்யவில்லை, கேட்கிறார், அவ்வளவுதான். ஒரு மூத்த கலைஞர் மேல் இருக்கிற மரியாதை அப்படியே உடம்பில் தெரிகிறது.

கடைசிவரிசை:
அடடா, ஆவணப்படம் பற்றி எனக்குத் தெரியவே தெரியாது, ரொம்ப நன்றி. அப்புறம் எதைப் பார்க்கட்டும்?

நள்ளிரவுக்காட்சி:
விங்ஸ் ஆஃப் டிசையரையே மறுபடி பாருங்கள், இந்தத் தடவை கான்ஸை விட்டுவிட்டு இவரை மட்டும் கவனியுங்கள். மொட்டைமாடி விளிம்பில் உட்கார்ந்திருக்கிற இளைஞன் தோளில் தலை சாய்த்துக்கொள்கிறார், அவன் குதித்துவிடுகிறான், அப்போது இவர் போடுகிற சத்தம் இருக்கிறதே, படம் முழுக்க அமைதியாக இருந்தவர் என்பதால் நெஞ்சைப் பிளந்துவிடும். அதன் தொடர்ச்சியாக 1993இல் வந்த ஃபாரவே, ஸோ க்ளோஸ் படத்தில் இவர்தான் மையம், மாடியிலிருந்து விழுகிற ஒரு சிறுமியைப் பிடிக்கப் போய் மனிதராகிவிடுகிறார். படம் கொஞ்சம் இழுவைதான், கதை எங்கெங்கோ போகும், இவருக்காகப் பார்க்கலாம்.

ஒத்திகை:
எதைப் பார்த்தாலும் டப்பிங் வேண்டாம், ஜெர்மனிலேயே சப்டைட்டிலோடு பாருங்கள். அந்தக் கரகரத்த குரலுக்காகவே அங்கே ஒலிப்புத்தகங்களுக்கு அவரைத் தேடிப் போனார்கள். 2006இல் வந்த பெர்ஃப்யூம் படத்தின் ஜெர்மன் பதிப்பில் கதை சொல்கிற குரலும் அவருடையதுதான்.