ஏற்காடு மலைப்பாதையில் ஓடியது லங்கூரா?

வாழப்பாடி வாத்தியார்: நேற்று இங்கே ஒருவர் போட்டதைப் படித்ததிலிருந்து எரிச்சலாக இருக்கிறது. 'ஏற்காடு மலைப்பாதையில், கொண்டை ஊசி வளைவில், ஒரு லங்கூர் இரண்டு கன்னமும் புடைக்கக் கொய்யாவை அடக்கிக்கொண்டு ஓடியது' என்கிறார். லங்கூருக்குக் கன்னப்பையே கிடையாது. அது நாட்டுக் குரங்குக்கு உள்ளது. கிடைத்ததை அவசரமாகத் திணித்துக்கொண்டு, பத்திரமான கிளைக்குப் போய் மெல்லும். லங்கூர் இலை தின்னும் இனம். அதன் இரைப்பை பல அறைகளாகப் பிரிந்திருக்கும். முன் அறையில் உள்ள நுண்ணுயிர்கள் இலையை நொதிக்க வைக்கும்.

சேர்வராயன் தோட்டம்: அந்த 'ஒருவர்' நான்தான் சார். பெயரைச் சொல்லியே எழுதலாம். மூன்று தலைமுறையாக இந்த மலையில் காப்பித் தோட்டம் வைத்திருக்கிறோம். எது குரங்கு, எது லங்கூர் என்று வாழப்பாடியிலிருந்து பாடம் எடுக்க வேண்டாம். முகம் கருப்பு. கன்னம் புடைத்திருந்தது. கண்ணால் பார்த்தேன்.

வாழப்பாடி வாத்தியார்: கன்னம் புடைத்திருந்தது என்று நீங்களே சொல்லிவிட்டீர்கள். அப்புறம் எப்படி லங்கூர்?

சேர்வராயன் தோட்டம்: வாய் நிறையக் கொழுக்கட்டை வைத்திருக்கும் பிள்ளைக்கும் கன்னம் புடைக்கும். அதைக் குரங்கு என்பீர்களா?

வாழப்பாடி வாத்தியார்: வாய் நிறைவது வேறு, பை நிறைவது வேறு. நாட்டுக் குரங்கின் பை தாடையைத் தாண்டிக் கழுத்துப் பக்கம் இறங்கும். சரி, வால் எப்படி இருந்தது? உடம்பைவிட நீளமா? தென்னாட்டுச் சாம்பல் லங்கூர் நடக்கும்போது வாலைத் தூக்கிப் பின்பக்கமாக வளைக்கும். வடநாட்டில் உள்ளவை தலையை நோக்கி முன்னால் வளைக்கும். வாலைப் பற்றி உங்கள் பதிவில் ஒரு வரிகூட இல்லை.

ஓமலூர் ராணி: இரண்டு பேரும் ஒரு கன்னத்தைப் பிடித்துக்கொண்டு தொங்குகிறீர்களே! வகைப்பாடே மாறிக்கொண்டுதானே இருக்கிறது? சாம்பல் லங்கூர் எல்லாம் ஒரே இனம் என்றுதான் வெகுகாலம் இருந்தது. 2001-ல் காலின் குரோவ்ஸ் என்ற குரங்கின ஆய்வாளர் அதை ஏழாகப் பிரித்தார். நீலகிரிக் கருமந்தி என்ற லங்கூர் டிராக்கிபித்திகஸ் பேரினத்தில் இருந்தது. டிஎன்ஏ பார்த்த பிறகு சாம்பல் லங்கூர் இருக்கும் செம்னோபித்திகஸுக்கு மாற்றினார்கள்.

வாழப்பாடி வாத்தியார்: ராணி அம்மா, மாறியது இனமும் பேரினமும். கன்னப்பை அதற்கும் மேலே, துணைக்குடும்பத்தையே பிரிக்கிற அடையாளம். நாட்டுக் குரங்கும் லங்கூரும் செர்க்கோபித்திசிடே என்ற ஒரே குடும்பம். அதற்குள் கன்னப்பை உள்ளவை ஒரு பிரிவு, இலை தின்னும் கொலோபினே இன்னொரு பிரிவு. கருமந்தியை எந்தப் பேரினத்தில் போட்டாலும் அதற்குக் கன்னப்பை முளைக்கப் போவதில்லை. 1987-ல் லங்கூர் இரைப்பையிலுள்ள லைசோசைம் என்ற நொதியை ஆராய்ந்தார்கள். மாட்டின் இரைப்பை நொதியில் வந்த மாற்றங்களில் சில, இதிலும் தனியாக வந்திருந்தன. இலையை நொதிக்க வைத்த பாக்டீரியாவையே பிறகு செரிக்க வேண்டிய தேவை இரண்டுக்கும் உண்டு. உடம்பே இலைக்காக இப்படி மாறிய விலங்கைக் கொய்யாத் திருடனாக்கி விட்டீர்கள்.

அஸ்தம்பட்டி சிவா: அண்ணன் பார்த்தது கருமந்தியாக இருக்கலாம் சார். முகம் கருப்பு என்கிறாரே.

வாழப்பாடி வாத்தியார்: தம்பி, கருமந்தி மேற்குத் தொடர்ச்சி மலைக்கு மட்டுமே உரியது. சேர்வராயன் மலை கிழக்குத் தொடர்ச்சி. இதுகூடத் தெரியாமல் ஆதரவு கொடுக்க வந்துவிட்டாய். கருமந்திக்கும் கன்னப்பை இல்லை.

சேர்வராயன் தோட்டம்: கருமந்தி என்று நான் சொல்லவே இல்லை. தம்பியை ஏன் அதட்டுகிறீர்கள்? போன தடவை சில்வர் ஓக் விஷயத்திலும் இப்படித்தான். என் தோட்டத்தில் நிற்பது ஆஸ்திரேலியா மரம் என்று எல்லார் முன்னாலும் சொன்னீர்கள். நான் மறக்கவில்லை.

வாழப்பாடி வாத்தியார்: அது ஆஸ்திரேலியா மரம்தானே? நிழலுக்கு நின்ற அத்தியையும் பலாவையும் வெட்டிவிட்டு சில்வர் ஓக் நட்டால், காட்டில் இருக்கிறவை எதைத் தின்னும்? அதனால்தான் குரங்கு ரோட்டுக்கு வருகிறது.

சேர்வராயன் தோட்டம்: ரோட்டுக்கு வருவது உங்களைப் போன்றவர்கள் பள்ளிக்கூடப் பேருந்தின் ஜன்னல் வழியாக வீசும் பொரிக்கும் சிப்ஸுக்கும். சில்வர் ஓக் இல்லாவிட்டால் மிளகுக் கொடி எதில் ஏறும்? உங்கள் வீட்டுக் கொடிக்கயிற்றிலா?

ஓமலூர் ராணி: பொரி விஷயத்தில் அண்ணா சொல்வது நியாயம். வாத்தியார் அதற்குப் பதில் சொல்லட்டும்.

வாழப்பாடி வாத்தியார்: என் பிள்ளைகள் ஒரு பருக்கைகூட வீசியதில்லை. கன்னப்பைக்குப் பதில் இல்லாமல் பொரிக்குத் தாவுகிறீர்கள்.

சேர்வராயன் தோட்டம்: மே மாதம் சேர்வராயன் கோயில் திருவிழாவுக்கு வாருங்கள். தோட்டத்தில் எத்தனை பலா நிற்கிறது என்று நீங்களே எண்ணிக்கொள்ளுங்கள்.

வாழப்பாடி வாத்தியார்: வருகிறேன். வெட்டின அடிமரங்களையும் சேர்த்து எண்ணுவேன்.